வைவாவுக்கு வந்த சங்கம்

முனைவர் பட்டத்துக்கு நான் எடுத்துக்கொண்ட பொருள் பிரிட்டனின் தொழிலாளர் இலக்கியம். சுரங்கத் தொழிலாளிகள், நெசவாலைப் பெண்கள், வீடுகளுக்கு வர்ணம் பூசுகிறவர்கள் பற்றிய நாவல்கள், அவர்களே எழுதிய பாட்டுகள், பொதுவுடைமைக் கனவோடு வந்து நின்றுபோன சின்னச் சின்னப் பத்திரிகைகள். என்ன படிக்கிறாய் என்று கேட்கிற சொந்தக்காரர்களிடம் இதைச் சொன்னால், வெள்ளைக்காரனிலும் கூலிக்காரன் உண்டா என்று ஆச்சரியப்படுவார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது. இந்தப் பக்கம் வந்த வெள்ளைக்காரன் எல்லாம் குதிரையில் வந்தவன், குற்றாலத்தில் பங்களா கட்டினவன். மூட்டை தூக்கின வெள்ளைக்காரனை இங்கே யார் கண்டது? எனக்கே கல்லூரி இரண்டாம் ஆண்டு வரை தெரியாது. அதுவரை பாடப் புத்தகத்தில் வந்தவர்கள் தோட்டத்தில் உலாவுகிறவர்களாகவும், உலாவிக் களைத்து உள்ளே போய் டீ குடிக்கிறவர்களாகவுமே இருந்தார்கள்.

ஒரு நாள் நூலகத்தில் அட்டை கிழிந்த சுரங்க நாவல் ஒன்றைக் கையில் எடுத்தேன். அதில் ஒருவர் வேலை முடிந்து வந்து, அடுப்படியில் ஒரு தொட்டியில் உட்கார்ந்து குளிக்கிறார். முதுகில் அப்பியிருக்கிற கரியை மனைவி தேய்த்துவிடுகிறாள். எனக்கு அப்பா ஞாபகம் வந்துவிட்டது. சிமென்ட் லோடு இறக்குகிற நாட்களில் அவரும் இப்படித்தான், வீட்டுக்குப் பின்னால் தண்ணீர்த் தொட்டியடியில் குனிந்து நிற்பார். அம்மா பீடி சுற்றுவதை நிறுத்திவிட்டு வந்து, தேங்காய்நாரால் முதுகைத் தேய்த்துக்கொண்டே அன்றைய வழக்கெல்லாம் சொல்லி முடிப்பாள். படித்தால் இதைத்தான் படிப்பது என்று அன்றைக்கே முடிவு செய்தேன்.

அப்பா தென்காசியில் லோடுமேன். அரிசி மண்டிகளிலும் லாரி செட்டுகளிலும் மூட்டை ஏற்றி இறக்குகிறவர்களின் சங்கத்தில் இருக்கிறார். எங்கள் வீடு குத்துக்கல்வலசையில். அங்கிருந்து காலையில் சைக்கிளை மிதித்துப் போய்விடுவார். செட்டுப் பக்கத்தில் சங்கத்துக்கு ஒரு தகரக் கொட்டகை உண்டு. லாரி வரும்வரை எல்லோரும் நீலச் சட்டையோடு அங்கேதான் உட்கார்ந்திருப்பார்கள். அங்கே ஒரு வழக்கம். தினமும் ஒருவர் பேப்பரைச் சத்தமாக வாசிக்க வேண்டும், மற்றவர்கள் கேட்க வேண்டும். யார் வாசித்தாரோ அவருக்கு அன்றைய முதல் லோடு கிடையாது. அவர் பங்கு மூட்டைகளை மற்றவர்கள் சேர்த்துத் தூக்கிவிடுவார்கள். கூலியில் அவருக்கும் சமபங்கு. தொண்டையும் தோளும் ஒரே நேரத்தில் வேலை செய்ய முடியாது என்பது அவர்கள் சொல்கிற காரணம். யார் இதை ஆரம்பித்தது என்று கேட்டால் யாருக்கும் தெரியவில்லை. எனக்குச் சின்ன வயதிலிருந்து தெரிந்த விஷயம் என்பதால் நான் இதை ஒரு விஷயமாகவே நினைத்ததில்லை.

ஆராய்ச்சி தொடங்கி வெகுநாள் கழித்து, பிரிட்டனின் பழைய பட்டறைகளைப் பற்றிப் படித்துக்கொண்டிருந்தேன். தையல்காரர்களும் நெசவாளிகளும் வேலை செய்துகொண்டிருக்க, அவர்களில் ஒருவர் பத்திரிகையோ கதையோ வாசிப்பாராம். வாசிக்கிறவர் பங்கு வேலையை மற்றவர்கள் பிரித்துக்கொண்டு செய்வார்களாம். படித்ததும் கல்லூரி நூலகத்திலேயே சத்தம் போட்டுச் சிரித்துவிட்டேன். நூலகர் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். எழுந்து போய் அவரிடமே சொன்னேன். அவர் நல்ல மனிதர், எதுவும் புரியாமலே சந்தோஷப்பட்டார்.

அந்தச் சந்தோஷத்தில் எழுதியதுதான் நான்காவது அத்தியாயம். அதற்கு முந்தைய மூன்று அத்தியாயங்களும் ஒழுங்கானவை. நாவல்களைப் பற்றியவை. அந்த நாவல்கள் பலவற்றில் எனக்கு ஒரு எரிச்சல் உண்டு, அதையும் மரியாதையான ஆங்கிலத்தில் எழுதியிருந்தேன். தொழிலாளி வீட்டில் ஒரு பிள்ளை நன்றாகப் படிக்கும். படிக்கப் படிக்க வீட்டில் ஒட்டாது. கடைசியில் ரயில் ஏறிப் போய்விடும், ஜன்னல் வழியாகப் புகைபோக்கிகளைப் பார்த்து ஏங்கும். படித்த ஒவ்வொரு பிள்ளையும் அங்கே தனி ஆள். எனக்கு இந்த அழுமூஞ்சிகளைக் கண்டாலே ஆகாது. நான் பிஎச்.டி படித்த காலமெல்லாம் வீட்டில் பீடி இலை வெட்டிக் கொடுத்துக்கொண்டேதான் படித்தேன், ஒட்டாமல் போக எனக்கு நேரம் இருக்கவில்லை. அதனால் நான்காவது அத்தியாயத்தில் வேறொன்று சொன்னேன். இந்த இலக்கியத்தின் வேர் தனியாக ஏங்குகிற ஆளிடம் இல்லை, சேர்ந்து உட்கார்ந்து கேட்ட கூட்டத்தில் இருக்கிறது. வாசிப்பதையும் வேலை என்று கணக்கில் வைத்த இடங்களில் இருக்கிறது. இதற்கு ஆதாரமாகப் பழைய பட்டறைகளையும் சுரங்க ஊர்களின் நூலகங்களையும் காட்டினேன். கடைசியில் சில பக்கங்கள் தென்காசி லாரி செட்டுக் கொட்டகையைப் பற்றி எழுதினேன். யார் பெயரும் போடவில்லை. வீட்டிலும் சொல்லவில்லை. பட்டம் கிடைத்த பிறகு சொல்லலாம் என்று இருந்தேன்.

ஆய்வேட்டைப் படித்த வெளிநாட்டுத் தேர்வாளர் ஒருவர் அறிக்கையில் நல்லதாக நிறைய எழுதிவிட்டு, ஒன்றே ஒன்றைக் குறை சொல்லியிருந்தார். இந்தியாவில் உள்ள ஒரு கொட்டகையைப் பற்றிய பக்கங்கள் பிரிட்டிஷ் இலக்கிய ஆய்வில் ஏன் வருகின்றன? ஆய்வாளர் வாய்மொழித் தேர்வில் இதற்கு நியாயம் சொல்ல வேண்டும், இல்லையென்றால் அவற்றை நீக்க வேண்டும்.

வாய்மொழித் தேர்வை நாங்கள் வைவா என்போம். எல்லோர் முன்னிலையிலும் நடக்கும், முடிந்ததும் அங்கேயே முடிவு சொல்வார்கள். என் கைடு மேடம் என்னைக் கூப்பிட்டு உட்காரவைத்து, அன்பாகத்தான் சொன்னார். சில பக்கம் போனால் ஆய்வேடு ஒன்றும் மெலிந்துவிடாது. வைவா நடத்த வருகிறவர் அந்தக் குறையைப் படித்துக் கேட்கும்போது, நீக்கிவிடுகிறேன் சார் என்று ஒரு வாக்கியம் சொல். பத்து நிமிஷத்தில் முடியும். நியாயம் சொல்கிறேன் என்று கிளம்பினால் அவர் திருப்தி ஆகாமல் திருத்தி எழுதச் சொல்லிவிடுவார், இன்னும் ஒரு வருஷம் இழுக்கும். மேடம் சொன்னதில் தப்பு எதுவும் இல்லை. பட்டம் வந்தால்தான் நிரந்தர வேலைக்கு விண்ணப்பிக்க முடியும், அதற்கான அறிவிப்பும் அப்போது வந்திருந்தது. புத்தி உள்ள யாரும் அந்த ஒரு வாக்கியத்தைச் சொல்லிவிட்டுத்தான் போவார்கள். நானும் அதை ஆங்கிலத்தில் அழகாகத் தயார் செய்து வைத்துக்கொண்டேன்.

வைவா நடத்த வரும் வெளித் தேர்வாளர் கோயம்புத்தூர்ப் பக்கம் ஒரு கல்லூரிப் பேராசிரியர். தேதி குறிக்க நான் போன் செய்தபோது அவர் முதலில் கேட்டது, குற்றாலத்தில் சீசன் எப்போது ஆரம்பிக்கும் என்பதுதான். எங்கள் ஊர் ஆராய்ச்சி மாணவர்களுக்கு இது பழக்கம். சாரல் காலத்தில் தேதி கொடுத்தால் எப்படிப்பட்ட தேர்வாளரும் தட்டாமல் வருவார். ஆனி மாதக் கடைசியில் தேதி ஆனது. அன்று முதல் அவர் தினமும் காலையில் எனக்கு ஒரு மெசேஜ் போடுவார்: தண்ணீர் விழுகிறதா? நானும் செங்கோட்டை பஸ்ஸில் போகிறவர்களிடம் விசாரித்து, மெயின் அருவியில் இவ்வளவு, ஐந்தருவியில் இவ்வளவு என்று தகவல் அனுப்புவேன். ஆய்வேட்டைப் பற்றி நாங்கள் பேசிக்கொண்டதே இல்லை.

மேடம் போட்ட கணக்கும் இதை வைத்துத்தான். சார் குளிக்கிற அவசரத்தில் இருப்பார், அதிகம் தோண்ட மாட்டார் என்றார்.

வீட்டில் வைவா விஷயத்தைச் சொன்னது ஒரு ராத்திரிச் சாப்பாட்டின்போது. அப்பா சாப்பிட்டபடியே ஒவ்வொன்றாகக் கேட்டார். கேள்வி கேட்கப் போவது யார் என்றார். வெளியூரிலிருந்து ஒருவர் வருகிறார் என்றேன். எழுத்தில் ஏதாவது குறை சொல்லியிருக்கிறார்களா என்றார். ஒரு குறை சொல்லியிருக்கிறார்கள், அதற்கு நான் பதில் சொல்ல வேண்டும் என்றேன். உன் பக்கம் யார் இருப்பார்கள் என்றார். மேடம் இருப்பார், ஆனால் அவரும் கமிட்டியில்தான் உட்காருவார் என்றேன். பதில் சரியில்லை என்றால் என்ன ஆகும் என்றார். தர மாட்டார்கள் என்றேன். அப்பா கையைக் கழுவிவிட்டு வந்து கடைசியாக ஒன்று கேட்டார்.

"வெளியாளு உள்ள வரலாமா?"

வரலாம், பொதுமக்கள் யார் வேண்டுமானாலும் வரலாம் என்று நோட்டீசிலேயே போட்டிருக்கிறது என்றேன். அப்பா சரி என்று மட்டும் சொன்னார். எனக்கு அது வெறும் அக்கறை என்றுதான் தோன்றியது. அவர் மனதில் ஓடியது எனக்குத் தெரியாது.

அதைப் புரிந்துகொள்ள லோடுமேன்களின் உலகம் கொஞ்சம் தெரிய வேண்டும். அவர்களில் யார் மீதாவது புகார் வந்தால் விசாரணை வைப்பார்கள். நிர்வாகம் வெளியிலிருந்து ஒருவரைக் கூட்டிவரும். அவர் குறையை எழுத்தில் வைத்துக்கொண்டு கேட்பார், தொழிலாளி நின்றுகொண்டு பதில் சொல்வார். பதில் சரியில்லை என்றால் வேலை போகும். அப்படிப்பட்ட இடத்துக்கு ஒருவரைத் தனியாக அனுப்பவே கூடாது என்பது சங்கத்தின் முதல் பாடம். நான் சொன்னதெல்லாம் அந்த விசாரணைக்கு அச்சு அசலாகப் பொருந்தியது. மறுநாள் கொட்டகையில் அப்பா சொல்லியிருக்கிறார், பிள்ளைக்கு என்கொயரி வச்சிருக்காங்க என்று.

வைவா அன்று காலை மெசேஜ் வரவில்லை. தேர்வாளர் முந்தின நாளே வந்து குற்றாலத்தில் லாட்ஜில் தங்கியிருந்தார். இரவெல்லாம் மலையில் நல்ல மழை. விடிந்து துண்டும் எண்ணெயுமாக இறங்கிப் போனவரைப் போலீஸ்காரர்கள் கயிறு கட்டி நிறுத்திவிட்டார்கள். வெள்ளம், எல்லா அருவியிலும் குளிக்கத் தடை. கல்லூரிக்குள் அவர் நுழைந்தபோது முகமே சரியில்லை. மேடம் வரவேற்றுப் பூங்கொத்து கொடுத்தார். சார் அதை வாங்கிக்கொண்டு, இனி சாயங்காலம் வரை எனக்கு வேலையே இல்லை மேடம், நிதானமாகப் பார்க்கலாம் என்றார். மேடம் என்னைத் திரும்பிப் பார்த்த பார்வையை இன்றைக்கும் மறக்கவில்லை.

கருத்தரங்கக் கூடத்தில் எல்லாம் முறைப்படி இருந்தது. மேஜைமேல் தண்ணீர் பாட்டில், பொன்னாடை, திரையில் என் பவர்பாயின்ட். கூட இருந்த ஆராய்ச்சி மாணவிகள் இரண்டு பேரிடம், கடைசியில் நீங்கள் இதைக் கேளுங்கள், இதைக் கேளுங்கள் என்று கேள்விகளும் எழுதிக் கொடுத்திருந்தேன். அதுவும் முறைதான், இல்லையென்றால் பொதுமக்கள் யாரும் கேள்வி கேட்கவில்லை என்று ஆகிவிடும். அம்மா முன்வரிசையில் பட்டுச்சேலையோடு உட்கார்ந்திருந்தாள். நான் பேச எழுந்தபோது பின்கதவு திறந்தது.

முதலில் அப்பா. அவருக்குப் பின்னால் சங்கச் செயலாளர் அண்ணாச்சி. அவருக்குப் பின்னால் கொட்டகை முழுவதும். எல்லோரும் துவைத்து இஸ்திரி போட்ட நீலச் சட்டை. ஒரு சத்தம் இல்லை. செருப்பை வாசலில் கழற்றிவிட்டு வந்து பின் மூன்று வரிசையை நிறைத்து உட்கார்ந்தார்கள். அண்ணாச்சி மட்டும் ஓரத்தில், எழுந்திருக்க வசதியான நாற்காலியைத் தேர்ந்தெடுத்து உட்கார்ந்தார். தேர்வாளர் மேடத்திடம் யார் இவர்கள் என்று கேட்பது தெரிந்தது. மேடம் என்ன சொன்னாரோ தெரியாது. எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன, இத்தனை பேர் ஒரு காலைக் கூலியை விட்டுவிட்டு எனக்காக வந்திருக்கிறார்களே என்று. பட்டம் வாங்குவதைப் பார்க்க வந்திருக்கிறார்கள் என்றே நினைத்தேன்.

ஒன்று மட்டும் விளங்கவில்லை. கல்லூரி ஊழியர் எல்லோருக்கும் டீயும் பொட்டலமும் கொடுத்துக்கொண்டு வந்தார். ஒரு லட்டு, கொஞ்சம் மிக்சர், நேந்திரங்காய் சிப்ஸ். பின்வரிசைக்காரர்கள் பொட்டலத்தை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார்கள், யாரும் பிரிக்கவில்லை. டீயை யாரும் தொடவே இல்லை. விசாரணை நடக்கிற இடத்தில் முடிவு தெரிகிறவரை எதிர்த்தரப்பு டீயைக் குடிக்கக்கூடாது என்பது சங்கத்தின் இரண்டாவது பாடம் என்று பிறகுதான் தெரிந்தது.

நான் அரைமணி நேரம் ஆங்கிலத்தில் பேசினேன். அப்பாவுக்கு ஆங்கிலம் தெரியாது, பின்வரிசையில் யாருக்கும் தெரியாது. ஆனால் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் அப்பா தலையை ஆட்டினார், சரியாகத்தான் சொல்கிறாள் என்பது போல. தேர்வாளர் நிதானமாகக் கேட்டார். குளிக்க முடியாத மனிதர் எவ்வளவு கூர்மையாகக் கேள்வி கேட்பார் என்பதை அன்று கண்டேன். அந்த நாவல்களில் பெண்கள் ஏன் அடுப்படியிலேயே நிற்கிறார்கள் என்றார். வேலைநிறுத்தம் தோற்பதோடு ஏன் இத்தனை கதைகள் முடிகின்றன என்றார். தெரிந்ததைச் சொன்னேன், தெரியாததைத் தெரியாது என்றேன். பிறகு அவர் அந்த அறிக்கையை எடுத்து, அந்தக் குறையை வாசித்தார். நீக்குகிறீர்களா, நியாயம் சொல்கிறீர்களா என்றார்.

வாக்கியம் தயாராக இருந்தது. மேடம் கண்ணாலேயே சொல் என்றார். நான் வாயைத் திறந்தேன். அந்த நேரம் பார்த்து என் கண் பின்வரிசைக்குப் போய்விட்டது. நீக்கிவிடுகிறேன் என்று ஆங்கிலத்தில் சொன்னால் அங்கே ஒருவருக்கும் புரியாது. அப்பா அதற்கும் தலையை ஆட்டுவார். எல்லோரும் கை தட்டுவார்கள், பட்டத்தோடு வீட்டுக்குப் போகலாம். அவர்களைப் பற்றி எழுதியதும் தெரியாது, எடுத்ததும் தெரியாது. இவ்வளவு சுலபமாக இருந்ததுதான் என்னால் தாங்க முடியவில்லை. அப்படியே நின்றேன்.

கொஞ்ச நேரத்துக்கு மேல் நின்றுவிட்டேன் போலிருக்கிறது. நாற்காலி நகரும் சத்தம் கேட்டது. சங்கச் செயலாளர் அண்ணாச்சி எழுந்து நின்றிருந்தார்.

"ஐயா, ஒரு நிமிசம். பிள்ள மேல என்ன குற்றச்சாட்டுன்னு எங்களுக்குத் தமிழ்ல சொல்லிருங்க. அதுக்கப்புறம் அவ பதில் சொல்லட்டும்."

மாணவிகள் சிரித்துவிட்டார்கள். மேடம் நெற்றியில் கை வைத்தார். எனக்கு அப்போதுதான் எல்லாம் விளங்கியது, அப்பா சாப்பிட்டுக்கொண்டே கேட்ட கேள்விகள், பிரிக்காத பொட்டலங்கள் எல்லாம். தேர்வாளர் சிரிக்கவில்லை. அறிக்கையைக் கீழே வைத்துவிட்டு, அண்ணாச்சியைப் பார்த்து நல்ல தமிழில் பேசினார். குற்றச்சாட்டு எதுவும் இல்லை, இது விசாரணையும் இல்லை, பரீட்சை. பெண் நன்றாக எழுதியிருக்கிறது. இங்கிலாந்துத் தொழிலாளர்களைப் பற்றிய புத்தகத்தில் உங்கள் கொட்டகையைப் பற்றியும், நீங்கள் பேப்பர் வாசிப்பதைப் பற்றியும் சில பக்கம் எழுதியிருக்கிறது. அது இருக்க வேண்டுமா, எடுத்துவிட வேண்டுமா என்பதுதான் கேள்வி.

பின்வரிசையில் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். நாமளா என்று யாரோ மெதுவாகக் கேட்டது காதில் விழுந்தது. எந்த விசாரணையிலும் அண்ணாச்சிக்கு இப்படி ஆனது கிடையாது. அவர் நின்றுகொண்டிருக்கும்போதே அப்பா எழுந்தார்.

என் அப்பாவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். பேச்சுவார்த்தை என்று போனால் ஒரு டீ இடைவேளையைக்கூட விட்டுக்கொடுக்காத ஆள். இறங்கிப் போகலாம் என்று மற்றவர்கள் சொன்னாலும் கடைசிவரை நிற்கிறவர் என்று அவர்மேல் சங்கத்திலேயே சிலருக்குச் சடைவு உண்டு. அவர் இரண்டு கையையும் கூப்பிக்கொண்டு நின்றார்.

"அத எடுத்துட்டுக் கொடுத்துருங்க ஐயா. எங்களால பிள்ளைக்குப் பட்டம் நிக்க வேண்டாம்."

எனக்குக் கோபம் வந்தது. அழுகை வரும் என்று யாராவது எதிர்பார்த்திருந்தால், அது வரவில்லை, கோபம்தான் வந்தது. எந்த வேலைநிறுத்தத்திலும் அவரை இப்படிக் கை கூப்ப வைக்க எவராலும் முடியவில்லை, நான் வைத்துவிட்டேனே என்று வந்த கோபம்.

"எடுக்க முடியாது சார்" என்று தமிழிலேயே சொன்னேன்.

சொன்ன பிறகு பேச்சு தானாக வந்தது. இந்த இலக்கியம் புத்தகக் கடையில் பிறக்கவில்லை, சேர்ந்து கேட்ட இடங்களில் பிறந்தது என்பது என் வாதம். அந்த இடங்கள் இன்று பிரிட்டனில் இல்லை. அதைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் யாரோ எழுதி வைத்ததைப் பார்த்து எழுதுகிறார்கள். வாசிக்கிறவர் பங்கை மற்றவர்கள் தூக்கினால் வாசிப்பு எப்படி இருக்கும், கேட்கிறவர்கள் எங்கே குறுக்கே பேசுவார்கள், எந்தச் செய்தியை இரண்டாம் தடவை வாசிக்கச் சொல்வார்கள் என்பதை நான் கண்ணால் பார்த்து எழுதியிருக்கிறேன். அந்தப் பக்கங்களை எடுத்தால் அத்தியாயம் கேள்விப்பட்ட கதை ஆகிவிடும். இதைத் தமிழில் ஒரு முறையும், முறைக்காக ஆங்கிலத்தில் ஒரு முறையும் சொன்னேன்.

தேர்வாளர் விடவில்லை. அவர்கள் வாசிப்பது பேப்பர்தானே, இலக்கியம் இல்லையே என்றார். இங்கிலாந்திலும் பேப்பரில்தான் கதையும் பாட்டும் முதலில் வந்தன என்றேன். ஞாயிற்றுக்கிழமை இணைப்பில் வருகிற தொடர்கதையைத் திங்கட்கிழமை கொட்டகையில் வாசிக்கிறார்கள், கதாநாயகி புருஷனைவிட்டுப் போனது சரியா தப்பா என்று ஒரு வாரம் சண்டை நடந்தது, அதையும் எழுதியிருக்கிறேன் என்றேன். பின்வரிசையில் ஒருவர், சரிதான் என்று அந்தச் சண்டைக்கு இப்போதும் தன் தீர்ப்பைச் சொன்னார். தேர்வாளர் அப்போதுதான் முதல் முறையாகச் சிரித்தார்.

எங்களை வெளியே அனுப்பிவிட்டு அவரும் மேடமும் உள்ளே பேசினார்கள். வராந்தாவில் நாங்கள் நின்றோம். அண்ணாச்சி, எழுதுறதுக்கு முன்ன கேட்டிருந்தா சம்மதிச்சிருப்போமே பிள்ள என்றார். சாரல் வராந்தாவுக்குள் அடித்தது. கதவு திறந்து கூப்பிட்டார்கள். தேர்வாளர் எழுந்து முடிவை ஆங்கிலத்தில் வாசித்தார், பட்டம் வழங்கப் பரிந்துரைக்கிறேன் என்று. பிறகு தமிழில், அந்தப் பக்கங்கள் இருக்கட்டும், ஆனால் அத்தியாயத்தின் வாலில் ஒளித்து வைக்காதீர்கள், முன்னால் கொண்டுவாருங்கள், அந்த நியாயத்தையும் எழுதிச் சேர்த்துவிடுங்கள் என்றார். அம்மா எழுந்து நின்று கை தட்டினாள். மேடம் வந்து கட்டிக்கொண்டார், நான் சொன்னதைக் கேட்காத கழுதை என்று காதில் சொன்னார். அண்ணாச்சி என்னிடம் வந்து, முடிவு நமக்குத்தானே என்று உறுதி செய்துகொண்டார். நமக்குத்தான் என்றதும் திரும்பிப் பின்வரிசைக்குக் கையைக் காட்டினார். எல்லோரும் பொட்டலத்தைப் பிரித்தார்கள்.

மதியம் தேர்வாளருக்குச் செங்கோட்டைப் பக்கம் பிரானூர் பார்டர் கடையில் பரோட்டாவும் நாட்டுக்கோழியும். அது இல்லாமல் எங்கள் பக்கத்தில் யாரும் டாக்டர் ஆக முடியாது. சாயங்காலம் மழை விட்டு, ஐந்தருவியில் மட்டும் தடையை எடுத்துவிட்டார்கள். தேர்வாளர் குழந்தை மாதிரி ஓடினார். அருவி எங்கே அடிக்கும், எங்கே அடிக்காது என்று தெரிந்த லோடுமேன்கள் இரண்டு பேர் அவரை நடுவில் விட்டு ஆளுக்கொரு கையைப் பிடித்துக்கொண்டார்கள். அவர் கண்ணாடியும் கைக்கடிகாரமும் என் கையில் இருந்தன. பழக்கடை ஓரம் அப்பாவும் நானும் நின்றோம். அப்பா மங்குஸ்தான் வாங்கி உரித்து, சுளையை என்னிடம் நீட்டினார்.

அதுவரை அடக்கி வைத்திருந்ததைக் கேட்டேன். இத்தனை வருஷம் ஒன்றையும் விட்டுக்கொடுக்காத ஆள், உங்களையே எடுத்துவிடச் சொல்ல எப்படி மனம் வந்தது, நான் மாட்டேன் என்று சொல்லாமல் இருந்திருந்தால் அது போயிருக்குமே, அந்தப் பக்கங்களை எடுக்கச் சொன்னவர்கள் உங்களைத்தான் போகச் சொல்லிக்கொண்டிருந்தார்கள் தெரியுமா என்று கொஞ்சம் சத்தமாகவே கேட்டேன். பழக்கடைக்காரர் திரும்பிப் பார்த்தார். அப்பா அடுத்த பழத்தை உரித்துக்கொண்டே, எனக்கு எதில் கோபம் என்றே புரியாதவராகச் சொன்னார்.

"நாங்க எங்கட்டி போயிரப் போறோம்? உன் காயிதத்துல இல்லன்னா, கொட்டகைல இல்லாமப் போயிருவமா?"